வீட்டில் பெஷமெல் வெள்ளைச் சாஸ்: கெட்டியான பிறகும் மாவின் பச்சை வாசனை நிற்பது ஏன்?

கோவை வாசகி (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். காலிஃபிளவர் கிராட்டின் (சாஸ் ஊற்றி மேற்பரப்புப் பொன்னிறமாகச் சுடும் உணவு) செய்வதற்காகப் பெஷமெல் எனப்படும் பிரெஞ்சு வெள்ளைச் சாஸைச் சில காலமாக வீட்டில் செய்து வருகிறேன். அரை லிட்டர் பாலுக்கு வெண்ணெய் 40 கிராம், மைதா 40 கிராம் என்று எடுத்துக்கொண்டு, வெண்ணெயை உருக்கி, மைதாவைச் சேர்த்து ஒரு நிமிடம் கிளறி, பாலைச் சிறிது சிறிதாக ஊற்றி, சாஸ் கெட்டியானவுடன் அடுப்பை அணைத்துவிடுகிறேன். கட்டி எதுவும் தட்டுவதில்லை. நிறமும் வெண்மையாகவே இருக்கிறது. ஆனால் வாயில் வைத்தால் மாவின் பச்சை வாசனை தெரிகிறது. நல்ல உணவகங்களில் கிடைக்கும் மென்மையும் வருவதில்லை.

இதைப் பற்றிப் படிக்கப் படிக்கக் குழப்பமே மிஞ்சுகிறது. சூடான வெண்ணெய்-மாவுக் கலவையில் குளிர்ந்த பாலைத்தான் ஊற்ற வேண்டும் என்று ஒரு சாராரும், ஆறிய கலவையில் கொதிக்கும் பாலைத்தான் ஊற்ற வேண்டும் என்று இன்னொரு சாராரும் உறுதியாகச் சொல்கிறார்கள். 5 நிமிடத்தில் வேலை முடிந்துவிடும் என்கிறார்கள் சிலர். பழைய குறிப்புகளிலோ 1 மணி நேரம் வேக வைக்கச் சொல்லியிருக்கிறது. அக்குறிப்புகளில் கன்றிறைச்சியும் சேர்க்கப்படுகிறது. எங்கள் வீடு சைவம் என்பதால், அதை விட்டுவிட்டால் முறையான பெஷமெல் ஆகுமா என்றும் தெரியவில்லை. வெண்ணெய்க்குப் பதிலாக நெய் சேர்க்கலாமா, நம் கடைகளில் கிடைக்கும் பிரிஞ்சி இலை பிரெஞ்சுச் சமையலில் போடும் இலைக்கு ஈடாகுமா, எவ்வளவு கொழுப்புள்ள பால் ஏற்றது என்பவற்றையும் அனுபவமுள்ளவர்கள் காரணத்தோடு விளக்கினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

பாரிஸ் அடுக்களை

வணக்கம் சகோதரி. இங்குள்ள உணவகச் சமையலறைகளில் ஈழத்தமிழர் பலர் வேலை செய்கிறோம்; பெஷமெல் எங்களில் பலர் ஆரம்பத்திலேயே கற்றுக்கொள்கிற சாஸ்களில் ஒன்று. நீங்கள் எழுதியதை வைத்துப் பார்த்தால் உங்கள் அளவிலும் கைப்பக்குவத்திலும் பெரிய குறை இல்லை. அடுப்பை அணைக்கும் நேரம்தான் மிகவும் முந்திவிடுகிறது. சாஸ் கெட்டியாவது ஒரு காரியம், அது வேகுவது வேறொரு காரியம். கொதி வந்த ஓரிரு நிமிடங்களில் முதலாவது நடந்துவிடும். இரண்டாவதற்கு மிகச் சிறிய தீயில் இன்னும் 20 முதல் 30 நிமிடம் வேண்டும். மாவின் பச்சை வாசனை போவதும், நாக்கில் படும் மாத்தன்மை மறைவதும் இந்த நேரத்தில்தான்.

நான் செய்யும் விதத்தைச் சொல்கிறேன். அடி கனமான, துருப்பிடிக்காத உருக்குச் சட்டியில் வெண்ணெயை மெல்லிய தீயில் உருக்கி, அதன் நுரை அடங்கத் தொடங்கியதும் அதே எடை கோதுமை மாவைச் சேர்த்து 2 அல்லது 3 நிமிடம் கிளற வேண்டும். கலவை சிறு குமிழ்களோடு பொங்கி, ஈர மணல்போல் தளர்ந்து, பிஸ்கட்டின் வாசனை இலேசாக எழும். நிறம் மட்டும் மாறவே கூடாது. அந்த நிலையில் சட்டியை இறக்கிச் சற்று ஆற விடுவேன். அதற்கு முன்பே, ஒரு சிறிய வெங்காயத்தை இரண்டாக வெட்டி, அதில் ஒரு கிராம்பைக் குத்தி, லோரியே எனப்படும் பிரெஞ்சு மண இலை ஒன்றும் தைம் என்ற மூலிகைத் தண்டு ஒன்றும் சேர்த்துப் பாலில் போட்டு, கொதி வந்ததும் மூடி, கால் மணி நேரம் அப்படியே வைத்திருந்து வடித்துக்கொள்வேன். அந்தச் சூடான பாலில் மூன்றில் ஒரு பங்கை முதலில் ஊற்றி, விஸ்கால் (கம்பி அடிப்பானால்) நன்றாக அடித்துக் கட்டியில்லாத கூழாக்கிய பின்புதான் மீதியை ஊற்ற வேண்டும். சட்டியின் ஓரங்களையும் மூலைகளையும் வழித்தபடி கிளறிக் கொதிக்க விட வேண்டும். கொதி வருவதற்கு முன் சாஸின் பதத்தைப் பார்த்து அவசரப்பட வேண்டாம். அதன் முழுக் கெட்டித்தன்மை கொதித்த பின்புதான் தெரியும்.

பிறகு தீயை ஆகக் குறைத்து, ஆங்காங்கே ஒரு குமிழ் வந்து உடைகிற அளவில் வைத்து, 2 நிமிடத்திற்கு ஒரு தடவை மர அகப்பையால் அடியை வழித்துவிட வேண்டும். நீர் வற்றி இறுகினால் சூடான பால் சிறிது சேர்க்கலாம். கடைசியில் உப்பு, வெள்ளை மிளகுத் தூள், அப்போதே துருவிய ஜாதிக்காய் ஒரு சிட்டிகை. கண்ணுக்குக் கட்டி தெரியாவிட்டாலும் நுண்ணிய சல்லடையில் வடிப்பதை நான் விடுவதில்லை; அகப்பையின் பின்புறத்தில் சாஸ் சீராகப் படிந்து, விரலால் இழுத்த கோடு கலையாமல் நின்றால் பதம் சரி.

அளவு பற்றி ஒரு வார்த்தை. 1 லிட்டர் பாலுக்கு வெண்ணெயும் மாவும் தலா 50 கிராம் போட்டால் ஊற்றிக்கொள்ளும் இளக்கமான சாஸ் கிடைக்கும். 70 கிராம் கிராட்டினுக்கு ஏற்றது. கட்லட் வகைகளுக்கும், முட்டை நுரையால் உப்பும் சுஃப்லேக்கும் 100 கிராமுக்கு மேல் போகலாம். உங்கள் கணக்கு லிட்டருக்கு 80 கிராம் ஆகிறது. அரை மணி நேரம் வேக வைக்கப் போகிறீர்கள் என்றால் நீர் வற்றும் என்பதால், அரை லிட்டருக்கு 35 கிராம் போதும்.

உணவியல் கற்பிப்பவர்

மேலே சொன்னதோடு பெரும்பாலும் உடன்படுகிறேன். காரணம் கேட்டிருப்பதால் அந்தப் பக்கத்தை மட்டும் விளக்குகிறேன்.

கேழ்வரகுக் கூழ் காய்ச்சும்போது மாவை முதலில் குளிர்ந்த நீரில் கரைத்துக்கொண்டுதான் கொதிநீரில் விடுகிறோம். பெஷமெலில் அந்தக் கரைக்கும் வேலையை வெண்ணெய் செய்கிறது. உருகிய கொழுப்பு மாவுத் துகள்களைச் சுற்றிப் படிந்து அவற்றை ஒன்றிலிருந்து ஒன்று விலக்கி வைப்பதால், பால் சேரும்போது ஒவ்வொரு துகளும் தனித்தனியாக நீரை உறிஞ்சி உப்ப முடிகிறது. உலர்ந்த மாவு கொதிக்கும் பாலில் நேரே விழுந்தால், அதன் வெளிப்பரப்பு நொடியில் வெந்து பசையாகி, உள்ளே இருக்கும் மாவுக்கு நீர் போகாதபடி அடைத்துவிடுகிறது, அதுவே கட்டி.

பால் சூடாக இருக்க வேண்டுமா, குளிர்ந்திருக்க வேண்டுமா என்ற வாதத்தில் இரு சாராரும் சொல்வது நடைமுறையில் சரியாகவே வருகிறது. கலவையும் பாலும் ஒருசேரக் கொதிநிலையில் இருக்கும்போது முழுப் பாலையும் ஒரே வீச்சில் ஊற்றுவதுதான் ஆபத்து, ஏனெனில் மாவு பரவுவதற்கு முன்பே வெந்துவிடும். குளிர்ந்த பால் பரவுவதற்கு அவகாசம் தருகிறது. ஆனால் கொதி வரும்வரை விடாமல் கிளற வேண்டும். சூடான பால் நேரத்தை மிச்சப்படுத்துவதோடு, வெங்காயம், கிராம்பு ஆகியவற்றின் மணத்தை முன்கூட்டியே ஏற்றிக்கொள்ளவும் இடம் தருகிறது. நறுமணம் ஏற்ற விரும்பினால் பாரிஸ் நண்பரின் முறையையும், அவசரமானால் குளிர்ந்த பால் முறையையும் தேர்ந்துகொள்ளலாம்.

கெட்டியான பிறகும் ஏன் வேக வேண்டும் என்பது இதைவிட முக்கியமான கேள்வி. கோதுமை மாவிலுள்ள ஸ்டார்ச் மணிகள் சுமார் 60 பாகை செல்சியஸிலேயே உப்பத் தொடங்கிவிட்டாலும், கொதிநிலையை நெருங்கும்போதுதான் அவற்றிலிருந்து அமிலோஸ் என்ற நீண்ட மூலக்கூறுகள் போதிய அளவு வெளியேறிச் சாஸைப் பிடித்து நிறுத்துகின்றன. அந்தக் கட்டத்தில் சாஸ் கெட்டியாகத் தெரிந்தாலும், உப்பிய மணிகள் முழு உருவோடு இருப்பதால் நாக்கு அவற்றை உணர்கிறது. தொடர்ந்து சிறு தீயில் வேகும்போது அவை சிதைந்து நுண்மையாகின்றன; சாஸ் வழவழப்பாகிறது. இதில் கெட்டித்தன்மை கொஞ்சம் தளர்வதும் உண்டு. நீர் வற்றுவது அதை ஓரளவு ஈடு செய்துவிடும்.

அலுமினியப் பாத்திரத்தில் கம்பி விஸ்கைக் கொண்டு நெடுநேரம் அடித்தால் உலோகம் சுரண்டப்பட்டுச் சாஸ் சாம்பல் நிறம் கொள்ளும். எவர்சில்வரில் செய்யுங்கள், ஆனால் அது மெல்லியதாக இருந்தால் பாலின் புரதம் அடியில் படிந்து தீய்ந்துவிடும் என்பதால், கனமான அடிப்பாகம் உள்ளதாகப் பார்த்துக்கொள்ளுங்கள். அடிப்பிடித்துவிட்டால் சுரண்டாமல், மேலே உள்ளதை மட்டும் வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிட வேண்டும்.

பாலைப் பொறுத்தவரை, நம் சந்தையில் டோன்டு பாலில் 3 சதவீதமும், ஸ்டாண்டர்டைஸ்டு பாலில் 4.5 சதவீதமும், ஃபுல் கிரீம் பாலில் 6 சதவீதமும் கொழுப்பு இருக்க வேண்டும் என்பது விதி. பிரான்சில் சிவப்பு மூடியோடு விற்கும் முழுக்கொழுப்புப் பாலில் ஏறத்தாழ 3.5 சதவீதமே இருப்பதால், அங்கே கிடைக்கும் சுவைக்கு டோன்டு அல்லது ஸ்டாண்டர்டைஸ்டு பாலே நெருக்கமானது. ஃபுல் கிரீம் பாலில் செய்தால் கனமாக இருக்கும். வெண்ணெயைச் சற்றுக் குறைத்துக்கொள்ளலாம். முன்பே காய்ச்சி வைத்த பாலென்றால் ஆடையை எடுத்துவிட்டு வடித்த பிறகே பயன்படுத்துங்கள்.

நெய் சேர்த்தாலும் சாஸ் கூடிவரும். வெண்ணெயில் கொழுப்பு ஏறத்தாழ 80 சதவீதமே என்பதால் 35 கிராம் வெண்ணெய்க்கு 28 கிராம் நெய் போதும். ஆயினும் நெய் காய்ச்சும்போது உண்டாகும் வறுத்த மணம் மிகவும் வலிமையானது. பாலின் இளமணத்தை மையமாகக் கொண்ட இந்தச் சாஸில் அது முன்னால் வந்து நின்றுவிடும் என்பதால் நான் பரிந்துரைக்க மாட்டேன். உப்பிட்ட மஞ்சள் வெண்ணெய் மட்டுமே கிடைத்தால் அதையே பயன்படுத்தி, உப்பைக் கடைசியில் சுவைத்துப் பார்த்துச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பழைய சமையல் நூல் வாசகர்

கன்றிறைச்சி குறித்த ஐயத்திற்கு விடை, பிரெஞ்சுச் சமையலின் அடிப்படை நூல்களுள் ஒன்றிலேயே இருக்கிறது. பிரெஞ்சுச் சமையல் வல்லுநர் ஒகுஸ்த் எஸ்கோஃபியே 1903-இல் வெளியிட்ட சமையல் வழிகாட்டியில் பெஷமெலுக்குக் கொழுப்பற்ற கன்றிறைச்சி, வெங்காயம், தைம், ஜாதிக்காய் ஆகியவை சொல்லப்பட்டிருக்கின்றன. ஆனால் கிறிஸ்தவர்கள் இறைச்சியைத் தவிர்க்கும் தவக்கால நாட்களுக்கு இச்சாஸைச் செய்யும்போது கன்றிறைச்சியை விட்டுவிட வேண்டும் என்று அவரே குறிப்பிடுகிறார். ஆகவே இறைச்சியற்ற பெஷமெல் அண்மையில் வந்த சமரசம் அன்று. அந்த நூலே ஏற்றுக்கொண்ட முறை. இன்று பிரெஞ்சு வீடுகளில் செய்வதும் இறைச்சியற்ற வகைதான். தயங்காமல் செய்யுங்கள், அம்மா.

நேரத்தைப் பற்றிய குழப்பத்துக்கும் அதே நூல் விளக்கம் தருகிறது. இறைச்சியும் வெங்காயமும் சாஸுக்குள்ளேயே கிடந்து தம் சுவையை இறக்க வேண்டிய முறையில்தான் 1 மணி நேரம் தேவைப்படுகிறது. பாலிலேயே மணப்பொருள்களை ஊற வைத்து வடித்துக்கொண்டால் ஏறத்தாழ கால் மணி நேரம் வேகவிட்டால் போதும் என்று அவர் இன்னொரு முறையும் தருகிறார். நீங்கள் பார்த்த இருவகைக் குறிப்புகளும் இந்த இரு முறைகளிலிருந்து வந்தவையாக இருக்கக்கூடும். ஆனால் எந்த முறையிலும் 5 நிமிடத்தில் முடிப்பதற்கு இடமில்லை.

14-ஆம் லூயி மன்னரின் அரண்மனையில் பதவி வகித்த லூயி த பெஷமேய் (1630–1703) என்பவரின் பெயரே இச்சாஸுக்கு இடப்பட்டது. அவரே இதைக் கண்டுபிடித்தார் என்பதற்குச் சான்று இல்லை. இத்தாலியிலிருந்து 1533-இல் மணமகளாக வந்த கேத்தரின் தெ மெதிச்சி தன் சமையல்காரர்கள் வழியாக இதைக் கொண்டுவந்தார் என்ற கதைக்கும் அக்காலத்து ஆதாரம் கிடையாது. 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பிரெஞ்சுச் சமையல் வல்லுநர் மரி-அந்த்வான் கரேம் இதைத் தாய்ச் சாஸ்கள் (பிற சாஸ்களுக்கு அடிப்படையானவை) நான்கில் ஒன்றாக வகுத்தபோது, இறைச்சிச் சாற்றில் செய்த வெளுத்தே சாஸைப் பாலாடையோடு வற்றச் செய்வதாகவே அது இருந்தது. வெண்ணெய், மாவு, பால் என்ற மூன்றில் நிற்கும் எளிய வடிவம் அதற்குப் பிறகே நிலைபெற்றது.

பிரிஞ்சி இலையைப் பற்றியும் சொல்ல வேண்டும். பிரான்சில் போடுவது மத்தியதரைக் கடற்பகுதியைச் சேர்ந்த லோரியே மரத்தின் இலை. அதில் நடுவே ஒரே ஒரு நரம்பு ஓடும். நம் மளிகைக் கடைகளில் கிடைப்பது இலவங்கப்பட்டைக் குடும்பத்து மரத்தின் இலை. அதில் மூன்று நரம்புகள் நீளவாட்டில் ஓடுவதைக் காணலாம். நம் இலைக்குப் பட்டையும் கிராம்பும் கலந்த மணம் உண்டு என்பதால், அதோடு கிராம்பும் சேர்ந்தால் சாஸ் பிரியாணியின் பக்கம் சாய்ந்துவிடும். லோரியே கிடைக்காவிட்டால் இலையையே விட்டுவிட்டு வெங்காயம், ஒரு கிராம்பு, சிறிது தைம் ஆகியவற்றோடு நிறுத்திக்கொள்வதே நல்லது. ஜாதிக்காயும் தனியாக அடையாளம் தெரியும் அளவுக்கு விழக் கூடாது.

திருச்சி சமையல்

ஒரு மாற்றுக் கருத்தைப் பணிவோடு வைக்கிறேன். சாஸைத் தனியாகப் பரிமாறினால் அரை மணி நேரம் வேக வைப்பது நியாயம். ஆனால் கேள்வி கேட்ட சகோதரி கிராட்டின் செய்கிறார். சாஸ் மறுபடியும் அவன் (oven) என்னும் சூட்டடுப்பில் 200 பாகையில் 20 நிமிடத்திற்கு மேல் கொதிக்கப் போகிறது. வேலைக்குப் போய்வந்து மாலையில் சமைப்பவர்கள் அடுப்பில் 10 நிமிடம் வேக வைத்து, மீதியை அந்தச் சூட்டடுப்பிடம் விட்டுவிடலாம் என்பது என் எண்ணம்.

உணவியல் கற்பிப்பவர்

திருச்சி நண்பர் சொல்வதில் உண்மை இருக்கிறது; ஓரங்களில் குமிழியிட்டுக் கொதிக்கும் கிராட்டினில் சாஸ் மேலும் வேகத்தான் செய்கிறது. ஆயினும் தட்டின் நடுப்பகுதி கொதிநிலைக்கு வர நேரமாகும். காலிஃபிளவரை ஆற வைத்து அடுக்கினால் இன்னும் தாமதமாகும். மேலும், அவனுக்குள் போன பிறகு சுவைத்துத் திருத்த வழியில்லை. அடுப்பிலேயே பச்சை வாசனை போய்விட்டதா என்று ஒரு துளியை நாக்கில் வைத்துப் பார்த்துத் தீர்மானிப்பதே பாதுகாப்பானது. கிராட்டினுக்கு 15 நிமிடம் என்பதில் எனக்கு மறுப்பில்லை.

கோவை வாசகி

அனைவருக்கும் என் மனமார்ந்த நன்றி. பாலில் வெங்காயத்தை ஊற வைத்து, கொதி வந்த பிறகு 25 நிமிடம் சிறு தீயில் வைத்து இன்று செய்து பார்த்தேன். மாவு வாசனை முற்றிலும் போய்விட்டது. சாஸின் மென்மை நான் எதிர்பார்த்ததைவிட நன்றாக இருந்தது. கிராட்டினாகச் செய்தபோது மட்டும் தட்டின் அடியில் நீர் நின்றது. இது சாஸ் முறிவதா, அல்லது காலிஃபிளவரின் நீரா? முந்தைய நாளே சாஸைச் செய்து வைக்கலாமா என்பதையும் தெரிவியுங்கள். சீஸ் எது ஏற்றது என்றும் சொன்னால் உதவியாக இருக்கும்.

பாரிஸ் அடுக்களை

மகிழ்ச்சி, சகோதரி. அந்த நீர் பெரும்பாலும் காலிஃபிளவரிலிருந்து வந்ததாகவே இருக்கும். அதன் எடையில் 90 சதவீதத்துக்கு மேல் நீர்தான். பூக்களை உப்பிட்ட கொதிநீரில் 6 முதல் 8 நிமிடம், கத்தி நுனி சிறு தடையோடு இறங்குகிற பதம்வரை மட்டும் அவித்து, வடித்து, அதே வெற்றுச் சட்டியில் திரும்பப் போட்டு மெல்லிய தீயில் 2 நிமிடம் குலுக்கி ஈரத்தைப் போக்குங்கள். பிறகு ஒரு துணியில் பரப்பி ஆவி போக விடுங்கள். அவிந்து குழைந்த பூவுக்கு எந்தச் சாஸும் நிற்காது. தட்டின் அடியில் மெல்லிய படையாகச் சாஸ், அதன்மேல் பூக்கள், மேலே மீதிச் சாஸ் என்று அடுக்கி, மேற்பரப்புப் பொன்னிறமாகும்வரை அவனில் வைத்து, எடுத்த பின் 10 நிமிடம் பொறுத்துப் பரிமாறினால் சாஸ் இறுகி நிற்கும்.

இங்கே வழக்கமாகச் சேர்ப்பது கிரூயேர் சீஸ். சேர்த்தால் அந்தச் சாஸ் மொர்னே எனப்படும். ஆனால் நீங்கள் சைவம் என்பதால் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: மரபான கிரூயேரில் பாலை உறைய வைக்கக் கன்றின் இரைப்பையிலிருந்து எடுத்த ரெனட்டைத்தான் சேர்ப்பார்கள். இந்தியாவில் பச்சைப் புள்ளி இட்ட செடார் அல்லது அதைப் போன்ற கெட்டியான சீஸை வாங்கித் துருவிக்கொள்ளுங்கள். அரை லிட்டர் சாஸுக்கு 60 முதல் 80 கிராம் போதும். அடுப்பை அணைத்து, சாஸின் கொதி அடங்கிய பிறகே சீஸைச் சேர்த்துக் கரைக்க வேண்டும். கொதிக்கும்போது போட்டால் சீஸின் புரதம் திரண்டு நூல் இழுக்கும், கொழுப்பும் பிரிந்து மிதக்கும்.

முந்தைய நாளே செய்து வைக்கலாம். நாங்களும் அப்படித்தான் செய்கிறோம். சாஸை அகலமான பாத்திரத்தில் ஊற்றிச் சீக்கிரம் ஆற வைத்து, ஆடை படியாதபடி வெண்ணெய் தடவிய தாளையோ மெல்லிய உறையையோ சாஸின் மேற்பரப்பில் நேரே ஒட்டும்படி மூடி, குளிர்சாதனப் பெட்டியில் 2 நாள் வைத்திருக்கலாம். குளிர்ந்ததும் வெட்டியெடுக்கும் அளவுக்கு இறுகிப் போகும், அது இயல்பே. மறுநாள் சில மேசைக்கரண்டி பால் விட்டு, மிகச் சிறிய தீயில் வைத்து விஸ்கால் அடித்தால் பழைய பதத்துக்குத் திரும்பிவிடும். சீஸை அன்றைக்கே சேர்க்காமல், மறுநாள் சாஸ் இளகிய பிறகு சேருங்கள். சீஸிலும் உப்பு இருப்பதால், முதல் நாள் சாஸில் பாதி உப்பு மட்டும் இட்டு, மீதியைச் சீஸ் கரைந்த பின் சுவைத்துப் பார்த்துச் சேர்த்துக்கொள்ளுங்கள்.